பட்டியலில் குரோமியம், கிணற்றில் உப்பு

(வேலூரில் மாணவர்களும் விவசாயிகளும் கூடிய அரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

அவையோர் அனைவருக்கும் வணக்கம்.

அபாயகரமான கழிவு பற்றிப் பேச அழைத்திருக்கிறார்கள். தோல் ஆலைகள் நிறைந்த ஆம்பூர், வாணியம்பாடி, இராணிப்பேட்டைக்காரர்கள் உட்கார்ந்திருக்கும் அரங்கில் இதைப் பேசுவது கொல்லன் தெருவில் ஊசி விற்கிற வேலை. கழிவின் நாற்றமும் நிறமும் என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். ஆகவே, சட்டம் அதை எந்தக் கண்ணால் பார்க்கிறது என்பதை மட்டும் சொல்கிறேன்.

போபால் விஷவாயு விபத்துக்குப் பிறகு, 1986-இல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டம் வந்தது. அதன்கீழ் 1989-இல் அபாயகரமான கழிவுகளுக்கென்று விதிகள் வந்தன. 2008-இல் மாற்றி எழுதினார்கள், 2016-இல் மறுபடியும் எழுதினார்கள். உள்நாட்டுக் கழிவை இந்த விதிகள் இரண்டு வழிகளில் அடையாளம் காண்கின்றன.

முதல் வழி, பிறப்பு. விதிகளின் முதல் அட்டவணையில் தொழில்கள் வரிசையாக இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் நேரே அதிலிருந்து வரும் கழிவு எழுதப்பட்டிருக்கிறது. தோல் பதனிடும் தொழிலுக்கு நேரே இருப்பது, அந்த வேலைக்குப் பயன்படும் குரோமியம் என்ற உலோகம் கலந்த எச்சமும் கசடும். அந்தத் தொழிலில் பிறந்தால் போதும், அது அபாயகரமானதுதான். பிறப்பை வைத்து முத்திரை குத்துவதை மனிதர்கள் விஷயத்தில் நாம் ஏற்க மாட்டோம். கழிவு விஷயத்தில் அது நல்ல ஏற்பாடு என்பேன். மாதிரியை எந்த மூட்டையிலிருந்து எடுத்தாய் என்ற வம்புக்கு அங்கே இடமில்லை.

இரண்டாவது வழி, சோதனை. குரோமியத்தையே எடுத்துக்கொள்வோம். நூறு கிராம் கசடு. அதன் எடையைப் போல இருபது மடங்கு, காடித்தன்மை உள்ள திரவம். இரண்டையும் ஒரு புட்டியில் அடைத்து, நிமிடத்துக்கு முப்பது சுற்று வீதம், ஏறத்தாழ பதினெட்டு மணி நேரம் தலைகீழாகப் புரட்டிக்கொண்டே இருப்பார்கள். பிறகு வடிகட்டி, இறங்கிய சாற்றில் குரோமியம் எவ்வளவு என்று அளப்பார்கள். லிட்டருக்கு 5 மில்லிகிராமோ அதற்கு மேலோ இருந்தால் அபாயகரமானது. தேயிலையின் தரத்தை இலையைப் பார்த்துச் சொல்லாமல், இறங்கும் சாயத்தைப் பார்த்துச் சொல்வது போன்றது இது. குப்பைமேட்டில் கொட்டினால் மழையோடு எவ்வளவு மண்ணுக்குள் இறங்கும் என்பதுதான் கேள்வி. மொத்த அளவுக்கும் வரம்பு உண்டு. தீப்பற்றுவது, அரிப்பது, வெடிப்பது போன்ற குணங்களுக்கும் தனித்தனி அளவுகோல்கள் உண்டு.

கழிவுநீரும் புகையும் இந்த விதிகளுக்குள் வராது. கழிவுநீருக்கு 1974-ஆம் ஆண்டின் சட்டம், காற்றுக்கு 1981-ஆம் ஆண்டின் சட்டம். மருத்துவமனைக் கழிவுக்கும் கதிரியக்கக் கழிவுக்கும் வேறு ஏற்பாடுகள்.

தொழிலில் இருப்பவர்கள் ஒரு வாதம் வைப்பார்கள், அது நியாயமானதும்கூட. குரோமியத்தால் பதப்படுத்தி நீலமான தோலைச் சீவும்போது விழும் தூளில் இருப்பது மூன்று இணைதிறன் கொண்ட குரோமியம். இணைதிறன் என்பது ஓர் அணு மற்ற அணுக்களோடு சேரும் திறனின் அளவு. அதன் நச்சுத்தன்மை குறைவு. ஆறு இணைதிறன் கொண்டதுதான் புற்றுநோய் தருவது. அமெரிக்காவில், குரோமியம் ஒன்றினால் மட்டுமே சோதனையில் தோற்கும் தோல் கழிவுகளை, அது மூன்று இணைதிறன் வகைதான் என்று காட்டினால், பட்டியலிலிருந்து விலக்கிவிடுகிறார்கள். ஆனால் அங்கே ஒரு நிபந்தனையும் உண்டு: அது ஆக்சிஜனேற்றம் அடைந்து ஆறு இணைதிறன் வகையாக மாறாதபடி கையாள வேண்டும். நம் ஊரில் தூள் மூட்டை சாலையோரத்தில் கிடக்கும், யாரோ தீ வைப்பார்கள். எரிந்தால் சாம்பலில் ஆறு இணைதிறன் வகை உருவாக வாய்ப்பு உண்டு. அந்த நிபந்தனையைக் காப்பாற்ற முடியாத ஊருக்கு அந்த விலக்கும் வேண்டாம் என்பது என் கட்சி.

இராணிப்பேட்டையில் தமிழ்நாடு குரோமேட்ஸ் தொழிற்சாலை இருந்த இடத்தைப் பார்த்தவர்கள் இங்கே இருப்பீர்கள். எழுபதுகளில் தொடங்கி, தொண்ணூறுகளின் நடுவில் மூடப்பட்டது. குரோமியத் தாதுவைச் சோடாவோடு வறுத்து பைகுரோமேட் எடுத்தார்கள். தோலைப் பதப்படுத்தும் குரோம் உப்புக்கு அதுதான் மூலப்பொருள். மிஞ்சிய சக்கை இரண்டு லட்சம் டன்னுக்கு மேல், குன்றாகக் குவிந்தது. மழை பெய்தால் அதிலிருந்து மஞ்சள் நீர் கசியும். அந்த மஞ்சள்தான் ஆறு இணைதிறன். அது அபாயகரமான கழிவு என்பதில் யாருக்கும் சந்தேகமே இல்லை. ஆனால் விதிகள் முழுவதும் கழிவை வைத்திருப்பவரை நோக்கியே பேசுகின்றன: 90 நாளுக்கு மேல் தேக்காதே, லேபிள் ஒட்டு, லாரியோடு ஏழு நிறத்தில் ஏழு படி ரசீது அனுப்பு, கும்மிடிப்பூண்டி போன்ற அனுமதி பெற்ற நிலையத்தில் ஒப்படை. கதவைப் பூட்டிவிட்டுப் போன ஆலையில் இதையெல்லாம் யாரிடம் சொல்வது? வரையறை எவ்வளவு துல்லியமாக இருந்தும் குன்று பல ஆண்டுகள் அசையவில்லை.

நடக்கிற ஆலையிலும் தேக்கினால் என்ன ஆகும் என்பதை 2015 ஜனவரி 31 காட்டியது. இராணிப்பேட்டையில், பல ஆலைகளின் கழிவுநீரைச் சேர்த்துச் சுத்திகரிக்கும் ஒரு பொது நிலையத்தின் கசடுத் தொட்டிச் சுவர் இடிந்து, பக்கத்து ஆலையில் தூங்கிக்கொண்டிருந்த பத்துத் தொழிலாளர்கள் இறந்தார்கள்.

இனி, இந்த அரங்கின் பின்வரிசையில் இருக்கும் விவசாயிகளுக்கு. தோல் ஆலைகளின் மாசுக்கு எதிராக 1991-இல் போட்ட வழக்கில் 1996 ஆகஸ்ட் 28-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மாசுபடுத்தியவரே விலை கொடுக்க வேண்டும் என்ற கொள்கையை நாட்டின் சட்டமாக்கிய தீர்ப்பு. தோல் தொழில் வட்டாரத்தில் ஏறத்தாழ 35,000 ஹெக்டேர் விளைநிலம் பகுதியாகவோ முழுமையாகவோ பாழானது என்று அதில் பதிவாகியிருக்கிறது. பாலாற்றங்கரைக் கிணறுகளில் தண்ணீர் வாயில் வைக்க முடியாமல் போனதற்கும், வரப்பில் வெள்ளை பூத்ததற்கும் முக்கியக் காரணம் குரோமியம் அல்ல. உப்பு. பச்சைத் தோல் கெடாமல் இருக்கத் தடவுகிற சாதாரண உப்பு.

பட்டியலில் தோல் தொழிலுக்கு நேரே உப்பு இல்லை. நீரில் கரைந்திருந்தால் நீர்ச் சட்டம் பிடிக்கும். கரைந்த திடப்பொருள் லிட்டருக்கு 2,100 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. சுத்திகரிப்பு நிலையத்தில் நீரை ஆவியாக்கி எடுத்த உப்பு, ஆவியாக்கல் எச்சம் என்ற வேறொரு வரியின்கீழ் வரும். ஆனால் ஊறவைக்கும் முன் தோலை உதறும்போது தரையில் கொட்டுகிறதே, அந்த உப்பு? அது மூட்டையில் கிடக்கும், மழையில் கரையும், யார் கணக்கிலும் ஏறாது.

விவசாயிகள் குறைதீர்க்கும் நாளில், உதறிய உப்பு எத்தனை டன், எங்கே போனது என்று கேட்டுப் பாருங்கள். அது அபாயகரமான கழிவு இல்லையே என்று பதில் வரலாம். சண்டைக்குப் போகாதீர்கள், விதிப்படி பேசுகிறார்கள். ஆலையை நடத்த மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் கொடுத்த அனுமதியான இசைவாணையின் நகலைக் கேளுங்கள். அதில் உப்பைப் பற்றி நிபந்தனை இருந்தால் அது நடக்கிறதா என்று கேளுங்கள். இல்லையென்றால், ஏன் இல்லை என்று எழுத்தில் கேளுங்கள்.