மறைத்து வைக்கப்படும் காலியிடம்

அவையோர்க்கு வணக்கம். இடமாறுதல் பற்றி நீங்கள் நிறைவேற்றவிருக்கும் தீர்மானத்தை ஒட்டிச் சில சொற்கள்.

‘தண்ணியில்லாக் காட்டுக்கு மாற்றிவிடுவேன்’ என்ற மிரட்டலை ஒருமுறையாவது கேட்காமல் ஓய்வு பெற்ற அரசு ஊழியர் யாரேனும் இந்த அரங்கில் இருந்தால் கை தூக்குங்கள். ஒருவரும் இல்லை. நம் அலுவலகங்களில் இடமாறுதல் தண்டனையாகவும் இருக்கிறது, சலுகையாகவும் இருக்கிறது. வெறும் நிர்வாக வேலையாக இருப்பதுதான் அபூர்வம்.

மாறுதல் கோப்புகளைப் பார்க்கும் இருக்கையில் ஆறு ஆண்டுகள் இருந்தவன் நான். மே மாதம் பிறந்தால் மேசை நிறைய மனுக்கள். அவற்றில் ஒன்றை மறக்க முடியவில்லை. இளநிலை உதவியாளர் ஒருவருடைய மனு அது. கணவருக்கு வேறு மாவட்டத்தில் வேலை, மாமியாருக்கு வாரம் இருமுறை டயாலிசிஸ். மருத்துவமனைச் சீட்டுகளைக் குண்டூசியால் குத்தி இணைத்திருந்தார். மூன்று ஆண்டுகள் அதே மனு வந்தது, தேதி மட்டும் மாறியிருக்கும். முதல் மனுவின் குண்டூசி துருப்பிடித்துத் தாளில் பழுப்புக் கறை படிந்துவிட்டது. ‘காலிப்பணியிடம் இல்லாமையால் கோரிக்கையை ஏற்க இயலவில்லை’ என்று மூன்று முறையும் பதில் எழுதிச் சுருக்கொப்பமிட்டவன் நான்தான்.

மூன்றாவது பதில் போன இரண்டே மாதத்தில், அவர் கேட்ட அதே ஊருக்கு, அதே பதவியில் வேறொருவர் போய்ச் சேர்ந்தார். ஆணையில் ‘நிர்வாக நலன் கருதி’ என்று இருந்தது. சொந்த விருப்பத்தில் மாறுதல் பெறுகிறவருக்குப் பயணப்படி கிடையாது, நிர்வாக நலனுக்காகப் போகிறவருக்கு உண்டு. ஆக, வேண்டியவர் வேண்டிய ஊருக்குப் போனார். சாமான் ஏற்றிய லாரிக்கு அரசே வாடகையும் கொடுத்தது!

குறிப்பிட்ட ஓர் ஊரில்தான் இருப்பேன் என்று கேட்க ஊழியருக்கு உரிமை இல்லை என்று ஷில்பி போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. சரிதான், அதை நான் மறுக்கவில்லை. எல்லோருக்கும் சொந்த ஊர் கிடைத்துவிட்டால் ஜவ்வாது மலைப் பள்ளிக்கு யார் போவது? அங்குள்ள பிள்ளைகளுக்கும் ஆசிரியர் வேண்டும். அதற்காகத்தான் மலைச் சுழற்சி மாறுதல் என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். மலையில் பணியாற்றியவரைக் கீழே இறக்கி, இதுவரை ஏறாதவரை ஏற்ற வேண்டும். இதில் சிபாரிசுக் கடிதம் நுழைந்துவிட்டால் ஏறியவரே மலையில் கிடப்பார்.

முன்னாள் அமைச்சரவைச் செயலாளர் டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் தொடுத்த வழக்கில் 2013-இல் வந்த தீர்ப்பு, அதிகாரிகள் வாய்மொழி உத்தரவை நம்பிச் செயல்படக் கூடாது, எழுத்தில் இருக்க வேண்டும் என்றது. ஆனால் எழுத்திலேயே பொய்யை எழுத முடியும் என்பதற்கு என் கோப்பே சாட்சி.

காலியிடங்களைக் காட்டி வரிசைப்படி தேர்ந்தெடுக்கச் சொல்லும் மாறுதல் கலந்தாய்வு ஆசிரியர்களுக்கு வந்தது பெரிய முன்னேற்றம். பார்வையற்றவர், மாற்றுத்திறனாளி, கணவரை இழந்தவர், புற்றுநோய்க்குச் சிகிச்சை பெறுகிறவர் என்று முன்னுரிமை வரிசை இருக்கிறது. இணையவழி வந்தபின் திரையில் காலியிடங்களைப் பார்த்துத் தேர்ந்தெடுக்கலாம். ஆனாலும் திரையில் தெரிகிற இடங்களுக்குத்தானே அந்த வரிசை செல்லுபடியாகும்? பட்டியலில் காட்டாத இடம், கலந்தாய்வு முடிந்தபின் சத்தமில்லாமல் நிரம்புகிறது என்ற புகாரை ஆசிரியர் சங்கங்கள் திரும்பத் திரும்ப எழுப்புகின்றன. அப்போது வரிசையில் முதலில் நின்றவருக்கு என்ன பயன்?

அதனால் உங்கள் தீர்மானத்தில் ஒன்றைச் சேர்க்கச் சொல்லுவேன். நிர்வாக மாறுதல் ஆணை ஒவ்வொன்றிலும் ‘இப்பணியிடம் இன்ன தேதி முதல் காலியாக உள்ளது’ என்று ஒரு வரி இருக்கட்டும். அந்த ஆணையின் நகல் அறிவிப்புப் பலகையில் ஒட்டப்படட்டும். செலவு ஒரு தாளும் கொஞ்சம் பசையும்தான்.

அந்த இளநிலை உதவியாளர் கேட்ட இடம் ஏப்ரலிலேயே காலியாகிவிட்டிருந்தது. அது எனக்கும் தெரியும். அப்படி ஒரு வரி பலகையில் ஏறும் என்றிருந்தால், மூன்றாவது பதிலில் சுருக்கொப்பமிட எனக்குக் கை வந்திருக்காது.