பயமும் யோசனையும் ஒரே மூளைக்குள்

எல்லோருக்கும் வணக்கம்.

மூளையைப் பற்றி ரொம்பப் பிரபலமான ஒரு விளக்கம் உண்டு. பால் மெக்லீன் என்ற அமெரிக்க ஆய்வாளர் 1960களில் வகுத்தது. அடியில் பல்லி, பாம்புக்கு இருப்பது போன்ற பழைய மூளை. அதன் மேல் பாலூட்டிகளின் உணர்ச்சி மூளை. எல்லாவற்றுக்கும் மேலே யோசிக்கிற மனித மூளை. கேட்டதும் மனதில் ஒட்டிக்கொள்ளும். ஆனால் இன்றைய நரம்பியல் இதை ஏற்பதில்லை. பரிணாமம் பழையதன் தலையில் புதியதை ஏற்றி வைத்துவிட்டுப் போகவில்லை. பழைய பகுதிகளையும் மாற்றிக்கொண்டேதான் வந்திருக்கிறது. எனக்கு இதில் பெரிய வருத்தம், உணர்ச்சியைக் கட்டிப்போட வேண்டிய மிருகமாகப் பார்க்க இது நம்மைப் பழக்கிவிட்டதுதான்.

சரி, உள்ளே என்ன நடக்கிறது? இருட்டில் காலடியில் ஏதோ நெளிகிறது. பாம்பா, கயிறா என்று தெரியும் முன்பே கால் பின்னுக்கு வந்துவிடும். எலிகளிடம் பயத்தை ஆராய்ந்த ஜோசப் லெடூ, ஆபத்தின் செய்தி, மூளைக்குள் ஆபத்தை உணர்ந்து உடலை உசுப்பும் அமிக்டலா என்ற சிறு பகுதிக்குப் போக இரண்டு வழிகள் இருப்பதைக் காட்டினார். ஒன்று, புலன்களின் செய்திகளை வாங்கி அனுப்பும் தலாமஸிலிருந்து நேராகப் போகும் குறுக்கு வழி. மற்றது, மூளையின் வெளி அடுக்கான பெருமூளைப் புறணி அலசிப் பார்த்து அனுப்பும் சுற்று வழி. முதல் வழி வேகமானது, ஆனால் விவரம் குறைவு. அமிக்டலா உசுப்பியதும், உடலின் தானியங்கி வேலைகளைக் கவனிக்கும் ஹைப்போதலாமஸும் மூளைத்தண்டும் இதயத்தை விரட்டுகின்றன.

அதற்காக அமிக்டலாவைப் பயத்தின் இருப்பிடம் என்று சொல்லிவிடவும் முடியாது. அரிய நோயால் இருபக்க அமிக்டலாவும் அழிந்துபோன ஒரு பெண்மணியை ஆய்வாளர்கள் எஸ்.எம். என்று குறிப்பிடுகிறார்கள். பாம்பைக் கையில் கொடுத்தாலும் அவருக்குப் பயமில்லை. ஆனால் கரியமில வாயு 35 சதவீதம் கலந்த காற்றைச் சுவாசித்தபோது அவரும் மிரண்டு தவித்தார். 2013இல் வெளிவந்த ஆய்வு இது. உடலுக்குள்ளிருந்து வரும் ஆபத்துக்கு வேறு பாதை இருக்கிறது.

இப்போது மேல் பகுதிக்கு, அதாவது புறணிக்கு வருவோம். அந்தோனியோ டமாசியோ என்ற நரம்பியல் மருத்துவர் எலியட் என்று பெயர் சூட்டிய நோயாளியைப் பற்றி எழுதியிருக்கிறார். மூளைக் கட்டியை அகற்றியதில் நெற்றிக்குப் பின்னால் உள்ள புறணியின் ஒரு பகுதி சேதமானது. அறிவுத் தேர்வுகளில் குறையே இல்லை. ஞாபகம், பேச்சு, கணக்கு எல்லாம் சரி. ஆனால் வேலை போனது, போட்ட பணம் போனது, குடும்பம் உடைந்தது. கோரமான படங்களைக் காட்டினால், முன்பு இவை தன்னை உலுக்கியிருக்கும், இப்போது ஒன்றும் தோன்றவில்லை என்று அவரே சொன்னார். இதே பகுதி பாதிக்கப்பட்ட இன்னொருவரிடம் அடுத்த சந்திப்புக்கு இரண்டு தேதிகள் கொடுத்தபோது, ஏறக்குறைய அரை மணி நேரம் இரண்டின் சாதக பாதகங்களையும் அடுக்கிக்கொண்டே இருந்தாராம். யோசனைக்குப் பஞ்சமில்லை, போதும், இதுதான் என்று நிறுத்தச் சொல்லும் உணர்வுதான் வரவில்லை. உணர்ச்சி கலக்காமல் முடிவெடு என்று அறிவுரை சொல்கிறோமே, அந்த நிலை நிஜமாகவே வாய்த்தவர்களின் கதி இது.

அப்படியானால் கோபமோ பயமோ மிஞ்சும்போது மேல் பகுதி என்னதான் செய்யும்? மாத்யூ லிபர்மன் என்ற உளவியலாளரின் குழுவினர் 2007இல் ஒன்றைக் கண்டார்கள். பயமோ கோபமோ தெரியும் முகங்களைக் காட்டி, அந்த உணர்ச்சியை வார்த்தையில் சொல்லவைத்தபோது நெற்றிப் புறணியில் ஒரு பகுதி சுறுசுறுப்பானது, அமிக்டலா தணிந்தது. அடக்கச் சொல்லவில்லை, பெயர் சொல்லத்தான் சொன்னார்கள்.

நெற்றிப் புறணிக்கும் அமிக்டலாவுக்கும் உள்ள இந்த இணைப்புக்குத் தூக்கம் வேண்டும். அதே ஆண்டு இன்னொரு ஆய்வில், ஓர் இரவு முழுக்க விழித்திருந்தவர்களுக்கு வேதனையான படங்களைக் காட்டினார்கள். தூங்கியவர்களைவிட அமிக்டலா 60 சதவீதம் அதிகமாகக் கொதித்தது. நெற்றிப் புறணியோடு அதற்கிருந்த தொடர்பும் தளர்ந்திருந்தது. அந்த நெற்றிப் புறணி முழுதாக முதிர்வது இருபது வயதைத் தாண்டித்தான். பரீட்சைக்காகப் பிள்ளைகளை இரவெல்லாம் விழிக்க வைத்துவிட்டு, காலையில் ஏன் எரிந்து விழுகிறாய் என்று திட்டுவதை மட்டுமாவது நாம் நிறுத்தலாம்.