வாலால யோசிச்ச பூனை

எல்லாருக்கும் வணக்கம். இன்னைக்கு நான் பேசப் போறது பெலிக்ஸ்னு ஒரு கருப்புப் பூனையப் பத்தி. 1919 நவம்பர்ல அமெரிக்காவுல வந்த ஒரு குட்டிக் கார்ட்டூன்லதான் அது முதல்ல தலைகாட்டுச்சு, அப்ப பேரு கூட பெலிக்ஸ் இல்ல, மாஸ்டர் டாம். ராத்திரி காதலியப் பாக்கப் போயிடும், அந்த நேரம் பாத்து எலிங்க வீட்டுக்குள்ள புகுந்து துவம்சம் பண்ணிடும், பூனைய வெளிய துரத்திடுவாங்க. கதை அவ்வளவுதாங்க.

ஆனா ஒண்ணு யோசிச்சுப் பாருங்க, படத்துல சத்தமே கிடையாது. பூனை பாடுதுன்னு எப்படிக் காட்டுறது? பாட்டோட சுரக்குறிய காத்துல வரைஞ்சு விட்டாங்க, அதோட விட்டாங்களா, அந்தக் குறிங்களையே புடிச்சு வண்டியாக்கி பூனையும் காதலியும் ஏறிப் போகும்! அப்புறம் வந்த படங்கள்ல பெலிக்ஸுக்கு ஒரு சந்தேகம் வந்தா தலைக்கு மேல கேள்விக்குறி வரும், அத எட்டிப் புடிச்சு கொக்கியா மாத்திக்கும். வாலைக் கழட்டுனா கைத்தடி. பேச வாய் இல்லாததால அந்தப் பூனைக்கு வரைஞ்ச கோடே பாஷை ஆயிடுச்சு, எனக்கு அதுதான் இதுல பெரிய விஷயம்.

இத வரைஞ்சவர் ஓட்டோ மெஸ்மர். நியூயார்க்ல பேட் சலிவன் ஸ்டூடியோவுல வேலை, அதுக்கு முன்னாடியே அங்க சாப்ளினை வெச்சு கார்ட்டூன் பண்ணுனவரு, அதான் பெலிக்ஸ் நடையில அந்த சாயல் அப்படியே இருக்கும். 1923ல வந்த ஒரு படத்துல பெலிக்ஸ் வாலை கைத்தடியாக்கி சாப்ளின் மாதிரியே நடந்து காட்ட, சாப்ளினே வந்து என் வித்தையத் திருடுறியான்னு கோவப்படுவாரு. ஆனா திரையில வந்த பேரு சலிவன் பேரு மட்டும்தான். சலிவன் 1933ல செத்து ரொம்ப வருஷம் கழிச்சுதான் மெஸ்மர் பேரு வெளிய வந்துச்சு. சலிவன் பொறந்த ஆஸ்திரேலியாவுல இன்னமும் அவருதான் பெலிக்ஸ உருவாக்குனாருன்னு வாதாடுறவங்க இருக்காங்க, நான் மெஸ்மர் பக்கம்தான்.

1928ல மிக்கி மவுஸ் சத்தத்தோட வந்தப்புறம் பெலிக்ஸுக்கும் சத்தம் ஒட்டிப் பாத்தாங்க, எடுபடல. எப்படிங்க எடுபடும்?

சரி, படம் போடலாம். ஸ்பீக்கர நிறுத்திடுங்க, விளக்கையும். நீங்க அந்த வாலை மட்டும் கண்ணெடுக்காம பாருங்க.