பசித்தவர்கள் சமைத்த விருந்து

நேயர்களுக்கு வணக்கம்.

ஐரோப்பிய மறுமலர்ச்சிக் காலத்து இலக்கியத்தில் திரும்பிய பக்கமெல்லாம் விருந்துதான். பதினான்காம் நூற்றாண்டிலேயே இத்தாலிய எழுத்தாளர் போக்காச்சியோ தம் 'டெக்கமரான்' கதைகளில் பெங்கோதி என்றொரு நாட்டைக் காட்டுகிறார். அங்கே துருவிய பார்மேசான் பாலாடைக்கட்டியே மலையாகக் குவிந்திருக்கிறது. உச்சியில் நிற்பவர்கள் மக்ரோனியைக் கோழிச்சாற்றில் வேகவைத்துக் கீழே உருட்டிவிடுகிறார்கள். அடிவாரத்தில் நிற்பவர்கள் வேண்டியமட்டும் அள்ளிக்கொள்ளலாம். பக்கத்திலேயே ஒயின் ஆறு ஓடுகிறது, அதில் ஒரு சொட்டுத் தண்ணீர்கூடக் கலப்பில்லை.

இதைப் படித்துச் சிரித்துவிட்டு நகர்ந்துவிடலாம். ஆனால் இப்படி ஒரு மலையைக் கனவு காண்பவன் யார்? வயிறு நிறைந்தவனுக்கு அந்தக் கனவு எதற்கு? என்னை இந்தக் கேள்வியின் முன் நிறுத்தியவை பியேரோ கம்போரேசியின் நூல்கள். 1926இல் இத்தாலியின் ஃபோர்லி நகரில் பிறந்து, பொலோஞா பல்கலைக்கழகத்தில் இத்தாலிய இலக்கியம் கற்பித்து, 1997இல் மறைந்த பேராசிரியர் அவர். பெரும்புலவர்களை மட்டும் வைத்துக்கொண்டு அவர் ஆராயவில்லை. சந்தையில் விற்ற மலிவுப் பதிப்புகள், மருத்துவக் குறிப்புகள், நாடோடிகளைப் பற்றிய பழைய நூல்கள் என்று மற்றவர்கள் ஒதுக்கியவற்றையெல்லாம் தேடிப் படித்தார்.

அவருக்கு மிக நெருக்கமான எழுத்தாளர் ஜூலியோ சேசரே குரோச்சே. கொல்லர் குடும்பத்தில் பிறந்து, பொலோஞாவின் தெருக்களில் பாடிப் பிழைத்தவர்; 1609இல் இறந்தார். அவர் படைத்த பெர்டோல்டோ என்ற குடியானவன் நம் தெனாலிராமனைப் போல அரசவையையே வாயடைக்க வைப்பவன். அவன் சாமர்த்தியத்தில் மயங்கிய அல்போயினோ அரசர் அவனைத் தம்முடனேயே வைத்துக்கொள்கிறார். அரண்மனை உணவு அவன் உடம்புக்கு ஒத்துக்கொள்ளவில்லை, படுத்த படுக்கையாகிறான். வெங்காயம் போட்டு வேகவைத்த ஒரு பானை அவரைக்கொட்டையும், சாம்பலில் சுட்ட டர்னிப் கிழங்கும் கொடுங்கள், பிழைத்துவிடுவேன் என்று கெஞ்சுகிறான். அவன் உடல்வாகு அறியாத வைத்தியர்கள் பிரபுக்களுக்குரிய மருந்தையே கொடுக்கிறார்கள். பெர்டோல்டோ செத்துப்போகிறான்.

உயர்ந்த உணவு உயர்ந்தவர்களுக்கு, மண்ணுக்கடியில் விளையும் கிழங்கு உழுபவனுக்கு என்று அந்தக் காலத்து மருத்துவமே விதித்திருந்தது. சமூகத்தின் படிநிலையை வயிற்றுக்குள் எழுதிவைத்த கொடுமை இது. 1976இல் வெளிவந்த 'பெர்டோல்டோவின் முகமூடி' என்ற நூலில் குரோச்சேயின் இந்த உலகத்துக்குள்தான் கம்போரேசி இறங்குகிறார்.

1590களில் இத்தாலியைப் பஞ்சம் வாட்டியது. அந்தத் துயரத்தை வைத்தே குரோச்சே ஒரு நகைச்சுவை நாடகம் எழுதினார். பட்டினி கிடப்பவர்கள் நடிப்பதாக, 'கடுந்துயர மாதம் 15ஆம் நாள்' என்று அதன் முகப்பிலேயே தேதி போட்டார். அதற்குச் சில பத்தாண்டுகள் முன்பு, 1570இல், போப்பாண்டவரின் சமையற்காரர் ஸ்காப்பி ஆயிரத்துக்கும் மேற்பட்ட சமையல் குறிப்புகளோடு தம் பெருநூலை வெளியிட்டிருந்தார். இரண்டும் ஒரே நாட்டில், ஒரே தலைமுறையின் வாழ்நாளுக்குள் அச்சேறியவை.

கம்போரேசியின் நூல்களில் மனத்தை உலுக்குவது 1980இல் வந்த 'காட்டு ரொட்டி'. ஏழைகளின் ரொட்டியில் என்னென்ன கலந்திருந்தன என்று அதில் விவரிக்கிறார்: தவிடு, ஓக் மரக்கொட்டை, கோதுமையோடு சேர்ந்து முளைத்துத் தலைசுற்றல் தரும் ஒரு களையின் விதை, சில இடங்களில் கசகசா. அரைப்பட்டினியும் இந்த ரொட்டியும் சேர்ந்து மக்களை ஒருவித மயக்கத்திலேயே வைத்திருந்தன. அவர்கள் கண்ட பேய்களுக்கும் தீர்க்கதரிசனங்களுக்கும் அதில் பங்குண்டு என்பது அவர் வாதம். கவிதையையும் வைத்தியநூலையும் ஒரே தராசில் நிறுத்துகிறார், சான்றைத் தாண்டிப் பாய்கிறார் என்று வரலாற்றாசிரியர்கள் குறை சொல்வதுண்டு. அந்தக் குறையில் நியாயம் இருக்கிறது. ஊர் முழுவதும் மயங்கிக் கிடந்தது என்பதை நானும் அப்படியே ஏற்கவில்லை. ஆனால் பெங்கோதியின் மலையைத் தவிட்டு ரொட்டிக்கு அருகில் வைத்துப் படிக்க வேண்டும் என்று எனக்குக் கற்பித்தவர் அவர்தான்.

'காட்டு ரொட்டி' 1989இல் ஆங்கிலத்திலும் வந்துவிட்டது. பட்டியலுக்குமேல் பட்டியலாக அடுக்கிச் செல்லும் நடை முதலில் மூச்சுமுட்ட வைக்கும். குரோச்சேயின் பெர்டோல்டோ கதையை முதலில் படித்துவிட்டு, பிறகு இதை எடுங்கள்.

நன்றி, வணக்கம்.