இருட்டுதான் அந்தப் படமே!

வணக்கம். எனக்குப் பின்னால் இருக்கும் சுவரைப் பாருங்கள். "எப்போது படம் மாட்டுவீர்கள்?" என்று மூன்று மாதமாகக் கேட்டுக்கொண்டிருந்தீர்களே, மாட்டிவிட்டேன்! ஆனால் இது இரண்டாவது பிரதி. முதல் பிரதி என்ன ஆனது என்பதைச் சொல்லாவிட்டால் எனக்கு இன்று வேறு பேச்சே வராது.

ஸ்பானிய ஓவியர் ஹோவாகின் சொரோயா 1894இல் வரைந்தது இது. "இன்னும் மீன் விலை அதிகம் என்கிறார்களே!" என்பது தலைப்பு. மூல ஓவியம் மாட்ரிட்டின் பிராடோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அகலம் மட்டும் இரண்டு மீட்டர். மீன்பிடிப் படகின் அடித்தளம். அடிபட்ட இளைஞன் சாய்ந்து கிடக்கிறான். வயதான மீனவர் ஒருவர் அவனைத் தாங்கியிருக்கிறார். இன்னொருவர் காயத்தில் துணியை வைத்து அழுத்துகிறார். அவர்களுக்குப் பின்னால், அன்று பிடித்த மீன்கள்.

அச்சுக் கடையில் கொடுத்தேன். 850 ரூபாய். வீட்டுக்கு வந்து பிரித்தால், படகுக்குள் டியூப் லைட் போட்டது போல் இருக்கிறது! திரும்பப் போய்க் கேட்டால், "படம் இருட்டாக இருந்தது, அதனால் வெளிச்சத்தைக் கூட்டிவிட்டோம்" என்கிறார்கள். அந்த இருட்டுதானே ஐயா படம்! கரையில் நின்று பேரம் பேசுகிறவர்கள் கண்ணில் படாத இடம் அது. மேலேயிருந்து கொஞ்சம் வெளிச்சம் இறங்கி அந்த மூவர் மேல் விழுகிறது. அதைத்தான் ஓவியர் நமக்குக் காட்டுகிறார். நாற்பது நிமிடம் நின்று, கைப்பேசியில் மூலத்தைக் காட்டிக் காட்டி விளக்கினேன். கடைசியில் தாளுக்கு மட்டும் 120 ரூபாய் வாங்கிக்கொண்டு மறுபடி அச்சிட்டுக் கொடுத்தார்கள். அந்தச் சந்தோஷத்தில் பஸ்ஸில் முழுவழியும் சுருளை மடியிலேயே வைத்திருந்தேன்.

போன காணொளியைப் பார்த்துவிட்டு, "சொரோயாவா? வெயிலும் கடற்கரையும் வரைபவர்தானே?" என்று பலர் எழுதியிருந்தீர்கள். அந்த வெயில் எனக்கும் பிடிக்கும். ஆனால் நாட்காட்டிக்காரர்கள் அந்த வெயில் படங்களையே அச்சிட்டு, அவருடைய மறுபாதியை மறைத்துவிட்டார்கள். 1892இல் அவர் வரைந்த 'இன்னொரு மார்கரிட்டா'வைத் தேடிப் பாருங்கள். தன் குழந்தையைக் கொன்றதாகக் கைதான பெண், ரயில் பெட்டியின் மரப்பலகையில் தலைகுனிந்து உட்கார்ந்திருக்கிறாள். பின்னால் இரண்டு காவலர்கள். அவள் குற்றத்தை விட அவள் சோர்வுதான் முதலில் கண்ணில் படும்.

பிறகு 1899இன் 'துயரப் பிதுரார்ஜிதம்', அதாவது பெற்றோர் விட்டுச்சென்ற துயரச் சொத்து. வாலென்சியாவின் கபன்யால் கடற்கரை. ஊன்றுகோல்களுடன் கடலில் இறங்கும் நோயுற்ற சிறுவர்கள். கறுப்பு அங்கி அணிந்த துறவி ஒருவர் ஒரு சிறுவனைத் தாங்கிப் பிடிக்கிறார். பாரிஸில் 1900ஆம் ஆண்டு உலகக் கண்காட்சியில் அதற்குப் பெரும் பரிசு கிடைத்தது. படம் எனக்கு உயிர். தலைப்பு பிடிக்கவே பிடிக்காது! பெற்றோரின் பாவம் பிள்ளைகள் மேல் விடிந்தது என்று சொல்லும் தலைப்பு. அந்தக் குழந்தைகள் என்ன செய்தார்கள்? இந்த ஓவியத்துக்குப் பிறகு இத்தகைய கருப்பொருள்களை அவர் பெரும்பாலும் விட்டுவிட்டார். எனக்கு அது பெரிய இழப்பு.

முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும், விட்டுவிட்டேன்: 1863இல் வாலென்சியாவில் பிறந்தவர் அவர். இரண்டு வயதில் காலராவுக்குத் தாய், தந்தை இருவரையும் பறிகொடுத்தார். வளர்த்தவர்கள் சித்தியும், பூட்டுத் தொழிலாளியான சித்தப்பாவும். மீனவர் ஓவியத்துக்கு 1895 தேசியக் கண்காட்சியில் முதல் பதக்கம் கிடைத்தது. அரசே அதை வாங்கிக்கொண்டது.

பதக்கம் என்றதும்தான் நினைவு வருகிறது! அந்த இளைஞனின் மார்பைப் பாருங்கள். நம் ஊர்த் தாயத்து போல, காப்பாற்றும் என்று நம்பிக் கழுத்தில் போட்டுக்கொண்ட ஒரு சிறிய பதக்கம். கெட்டுப்போன பிரதியில் அது வெளுத்த மார்போடு கலந்து காணாமலே போயிருந்தது. இதில் தெரிகிறது. இருங்கள், கேமராவைக் கிட்டே கொண்டுபோகிறேன்.