தோற்ற அதிபர், தோற்காத உறுப்பினர்: ஜான் குவின்சி ஆடம்ஸின் கதை

[திரையில்: 1843-இல் எடுத்த ஆடம்ஸின் புகைப்படம்]

வணக்கம். அமெரிக்க அதிபராக இருந்து இறங்கிய பிறகு, பிரதிநிதிகள் சபைக்குப் போட்டியிட்டு, அங்கே சாதாரண உறுப்பினராகப் போய் உட்கார்ந்தவர் இதுவரை ஒரே ஒருவர்தான். ஜான் குவின்சி ஆடம்ஸ். நாட்டின் ஆறாவது அதிபர். இரண்டாவது அதிபர் ஜான் ஆடம்ஸின் மகன்.

அதிபர்கள் பட்டியலில் அவருக்குக் கிடைப்பது இரண்டே வரி. 1825 முதல் 1829 வரை ஆட்சி, மறுதேர்தலில் தோல்வி. ஆனால் அவர் அரசியல் வாழ்க்கையின் மிகச் சிறந்த பகுதி அந்தத் தோல்விக்குப் பிறகுதான் வருகிறது என்பது என் உறுதியான கருத்து. அதனால் முதல் அறுபது வருடத்தைக் கொஞ்சம் வேகமாகக் கடந்துவிட்டு, கடைசிப் பதினேழு வருடத்தில் நிதானமாக நிற்போம்.

1767-இல் மாசசூசெட்ஸில் பிறந்தார். ஏழு வயதில், தாய் அபிகெயிலின் கையைப் பிடித்துக்கொண்டு வீட்டருகே இருந்த குன்றில் ஏறி, தூரத்தில் நடந்த, அமெரிக்க விடுதலைப் போரின் பங்கர் ஹில் சண்டையின் புகையைப் பார்த்த பிள்ளை அவர். பத்து வயதில் தந்தையோடு கப்பலேறி பிரான்ஸ் போனார். பிரெஞ்சு நன்றாகப் பேச வந்துவிட்டது. அதனால் பதினான்கு வயதிலேயே, ரஷ்யாவுக்குப் போன அமெரிக்கத் தூதருக்குச் செயலாளராகவும் மொழிபெயர்ப்பாளராகவும் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் போகிறார். நம் வீட்டுப் பிள்ளைகள் ஒன்பதாம் வகுப்பு படிக்கிற வயது.

அப்புறம் பதவிகள் வரிசையாக வருகின்றன. ஹார்வர்டில் படிப்பு, வழக்கறிஞர் தொழில். 1794-இல் ஜார்ஜ் வாஷிங்டன் அவரை நெதர்லாந்துக்குத் தூதராக அனுப்புகிறார். பிறகு பிரஷ்யா, ரஷ்யா, பிரிட்டன். இடையில் செனட் உறுப்பினர். பிரிட்டனோடு நடந்த போரை முடித்து வைத்த 1814-ஆம் ஆண்டின் கென்ட் ஒப்பந்தத்தில் அமெரிக்கக் குழுவுக்குத் தலைமை. 1817-இல் அதிபர் மன்றோவின் வெளியுறவு அமைச்சர். ஸ்பெயினிடமிருந்து ஃபுளோரிடாவைப் பெற்றுத் தந்த ஒப்பந்தம் அவருடையது. ஐரோப்பிய நாடுகள் அமெரிக்கக் கண்டங்களில் இனி புதுக் குடியேற்றங்கள் அமைக்கக் கூடாது என்று 1823-இல் வந்த மன்றோ கோட்பாட்டிலும் பெரும்பங்கு அவருடைய மூளை.

இந்த இடத்தில் ஒன்றைக் கவனியுங்கள். 1820-இல், மிசௌரியை அடிமை முறை உள்ள மாநிலமாகச் சேர்ப்பதா என்ற பெரிய சண்டை நடந்தபோது, இது ஒரு பெரும் துயர நூலின் முதல் பக்கம் மட்டுமே என்று ஆடம்ஸ் எழுதினார். எங்கே? தன் நாட்குறிப்பில். வெளியே வாயைத் திறக்கவில்லை. அமைச்சர் பதவி இருந்தது, அடுத்து அதிபர் பதவி தெரிந்தது. அந்த மௌனத்தை நான் மறைக்க விரும்பவில்லை. அதையும் சேர்த்துப் பார்த்தால்தான் பின்னால் வருகிறது புரியும்.

[திரையில்: 1824 தேர்தல் வரைபடம்]

1824 தேர்தலில் நான்கு பேர் மோதினார்கள். அதிபரைத் தேர்ந்தெடுக்க மாநிலங்கள் அனுப்பும் தேர்வாளர்களின் வாக்குகளில் ஆண்ட்ரூ ஜாக்சனுக்கு 99, ஆடம்ஸுக்கு 84, வில்லியம் கிராஃபோர்டுக்கு 41, ஹென்றி கிளேவுக்கு 37. ஜெயிக்க 131 வேண்டும். யாருக்கும் இல்லை. அரசியல் சட்டப்படி முதல் மூன்று பேரில் ஒருவரைப் பிரதிநிதிகள் சபை தேர்ந்தெடுக்க வேண்டும், மாநிலத்துக்கு ஒரு வாக்கு. நான்காவதாக வந்த கிளே அந்தச் சபையின் சபாநாயகர். அவர் ஆடம்ஸை ஆதரித்தார். 13 மாநிலங்கள் ஆடம்ஸ் பக்கம் வந்தன, அதிபரானார். சில நாட்களில் கிளேவை வெளியுறவு அமைச்சராக அறிவித்தார்.

இதற்கு முன்கூட்டியே பேரம் நடந்ததற்கு ஆதாரம் இல்லை. ஆனாலும் அந்த நியமனம் பெரிய தவறு. “ஊழல் பேரம்” என்ற முழக்கத்தை ஜாக்சன் ஆட்கள் நான்கு வருடமும் விடவில்லை.

ஆட்சியில் அவருக்குக் கனவுகள் பெரியவை. தேசிய சாலைகள், கால்வாய்கள், ஒரு தேசியப் பல்கலைக்கழகம், ஒரு வானாய்வகம். ஐரோப்பாவில் 130-க்கும் மேற்பட்ட வானாய்வகங்கள் இருக்கின்றன, நம்மிடம் ஒன்றுகூட இல்லையே என்று நாடாளுமன்றத்துக்கு அனுப்பிய முதல் ஆண்டு உரையிலேயே கேட்டார். அவற்றை வானத்துக் கலங்கரை விளக்கங்கள் என்றார். எதிரிகள் அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு கேலி செய்தார்கள். திட்டங்களில் பெரும்பாலானவை நகரவில்லை. ஆட்களைச் சேர்த்துக் கட்சி கட்டும் வேலையும் அவருக்கு வராது. தனக்கு எதிராக வேலை செய்த அதிகாரிகளைக்கூட நீக்க மறுத்தார். 1828-இல் ஜாக்சன் 178, ஆடம்ஸ் 83. படுதோல்வி. அடுத்த வருடமே மூத்த மகனும் இறந்துபோனான்.

இங்கே முடிந்திருக்க வேண்டிய கதைதான். 1830-இல் ஊர்க்காரர்கள் சிலர் வந்து, பிரதிநிதிகள் சபைக்கு நிற்கிறீர்களா என்று கேட்டார்கள். மனைவி லூயிசாவுக்குச் சுத்தமாகப் பிடிக்கவில்லை. அதிபராக இருந்தவர் கீழே இறங்குவதா என்று வேறு சிலருக்கும் தயக்கம். ஆடம்ஸுக்கு அந்தத் தயக்கம் இல்லை. பெரிய வித்தியாசத்தில் ஜெயித்தார். இதுவரை கிடைத்த எந்தப் பதவியும் இவ்வளவு மகிழ்ச்சி தந்ததில்லை என்று நாட்குறிப்பில் எழுதினார்.

[திரையில்: அன்றைய பிரதிநிதிகள் சபை மண்டபத்தின் ஓவியம்]

1831 டிசம்பரில், அறுபத்து நான்கு வயதில் சபைக்குள் போனவர், முதல் வேலையாக 15 மனுக்களைத் தாக்கல் செய்தார். பென்சில்வேனியா மக்கள் அனுப்பியவை. தலைநகர் வாஷிங்டனில் அடிமை முறையை ஒழியுங்கள் என்று கேட்டவை. தாக்கல் செய்துவிட்டு, இந்தக் கோரிக்கையை நான் ஆதரிக்கவில்லை என்றும் சொன்னார். ஆமாம், அதையும் சொன்னார். அவர் நிலை இதுதான்: மனுவில் இருப்பது எனக்குப் பிடிக்கிறதா இல்லையா என்பது வேறு விஷயம். மக்கள் எழுதி அனுப்பினால் சபை அதை வாங்கித்தான் ஆக வேண்டும். மனு கொடுக்கும் உரிமை அரசியல் சட்டத்தின் முதல் திருத்தத்திலேயே இருக்கிறது.

அடுத்த சில வருடங்களில் இந்த மனுக்கள் வெள்ளம் போல வரத் தொடங்கின. அவற்றில் கையெழுத்திட்டவர்களில் ஏராளமானோர் பெண்கள். ஓட்டுரிமை இல்லாத அவர்களுக்கு அரசாங்கத்தோடு பேச இருந்த வழி இது ஒன்றுதான். தென்மாநில உறுப்பினர்களுக்குப் பொறுக்கவில்லை. அவர்கள் பலத்துக்கு ஒரு காரணம் உண்டு. தொகுதிகளைக் கணக்கிடும்போது ஐந்து அடிமைகளை மூன்று ஆட்களாகச் சேர்த்துக்கொள்ள அரசியல் சட்டம் அனுமதித்தது. அடிமைகளுக்கு வாக்கு கிடையாது, ஆனால் அவர்களை வைத்து எஜமானர்களுக்குக் கூடுதல் இடங்கள்.

1836 மே மாதம் சபை ஒரு தீர்மானம் போட்டது. அடிமை முறை பற்றிய எந்த மனு வந்தாலும், அச்சிடாமல், குழுவுக்கு அனுப்பாமல், பேசாமல் அப்படியே கிடப்பில் போட வேண்டும். இதுதான் வாய்ப்பூட்டு விதி. விவாதத்தில் பேச எழுந்த ஆடம்ஸுக்கு அனுமதி கிடைக்கவில்லை. என் வாயைக் கட்டியிருக்கிறீர்களா, இல்லையா என்று சபாநாயகர் ஜேம்ஸ் போல்க்கைப் பார்த்துக் கேட்டார். வாக்கெடுப்பில் அவர் பெயரை அழைத்தபோது, இந்தத் தீர்மானம் அரசியல் சட்டத்தையும் சபை விதிகளையும் என் தொகுதி மக்களின் உரிமையையும் நேரடியாக மீறுகிறது என்று கூச்சலுக்கு நடுவே சத்தமாகப் பதிவு செய்தார். 117-க்கு 68 என்று தீர்மானம் நிறைவேறியது.

அதற்குப் பிறகு எட்டு வருடம் அவர் செய்தது எல்லாம் விதிப் புத்தகத்தை வைத்துக்கொண்டுதான். உதாரணமாக, 1837 பிப்ரவரி 6. அவர் எழுந்து சபாநாயகரிடம் ஒரு சந்தேகம் கேட்கிறார். என்னிடம் ஒரு காகிதம் இருக்கிறது. அடிமைகள் என்று தங்களைச் சொல்லிக்கொள்ளும் 22 பேர் அனுப்பியிருக்கிறார்கள். இது அந்தத் தீர்மானத்துக்குள் வருமா, வராதா? அவர் இன்னும் மனுவைத் தாக்கல் செய்யவில்லை, கேள்விதான் கேட்டிருக்கிறார். ஆனால் சபையே எழுந்து நின்றது. வெளியேற்று, கண்டனத் தீர்மானம் கொண்டுவா, அந்தக் காகிதத்தைக் கொளுத்து என்று கத்தல். எல்லாரும் நன்றாகக் கோபப்பட்ட பிறகு, அந்த மனு கேட்பது நீங்கள் நினைப்பதற்கு நேர்மாறானது, அடிமை முறையை ஒழிக்க வேண்டாம் என்றுதான் அதில் இருக்கிறது என்றார். அவர் மீது என்ன குற்றம் சாட்டுவது என்றே அவர்களுக்குத் தெரியவில்லை. நாட்கணக்கில் விவாதம் ஓடியது. எதைப் பேசக் கூடாது என்று விதி போட்டார்களோ, அதையேதான் பேசிக்கொண்டிருந்தார்கள். கண்டனமும் தோற்றது.

1841-இல் அமிஸ்டாட் என்ற கப்பலைப் பற்றிய வழக்கு. சியரா லியோன் பகுதியிலிருந்து சட்டவிரோதமாகக் கடத்தி கியூபாவில் விற்கப்பட்ட ஆப்பிரிக்கர்கள், தங்களில் ஒருவரான செங்பே பியே தலைமையில் அந்தக் கப்பலைக் கைப்பற்றி, கடைசியில் அமெரிக்கக் கடற்படையிடம் சிக்கியிருந்தார்கள். அவர்களை ஸ்பெயின் தரப்பிடம் ஒப்படைக்க அரசு விரும்பியது. ரோஜர் பால்ட்வினோடு சேர்ந்து உச்ச நீதிமன்றத்தில் அவர்களுக்காக வாதாடினார் ஆடம்ஸ். வயது எழுபத்து மூன்று. அங்கே வாதாடி முப்பது வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. முதல் நாள் நான்கு மணி நேரத்துக்கு மேல் பேசினார். நீதிமன்றத்தில் மாட்டியிருந்த சுதந்திரப் பிரகடனத்தைக் கையால் காட்டிப் பேசினார். அன்றிரவே நீதிபதிகளில் ஒருவர் இறந்துவிட, சில நாள் கழித்து மீதி வாதம். மார்ச் 9 அன்று தீர்ப்பு: அவர்கள் யாருடைய சொத்தும் அல்ல, சுதந்திர மனிதர்கள். உயிரோடு மிஞ்சியிருந்த 35 பேர் அந்த வருட இறுதியில் சியரா லியோனுக்குக் கப்பலேறினார்கள்.

ஆனால் என்னைக் கேட்டால், அவருடைய உச்சம் அடுத்த வருடம்தான். 1842 ஜனவரி. மாசசூசெட்ஸின் ஹேவர்ஹில் ஊரிலிருந்து 46 பேர் கையெழுத்திட்ட மனு. அடிமை மாநிலங்களைத் தாங்கிச் செலவழிக்க எங்களால் முடியாது, இந்த ஒன்றியத்தையே கலைத்துவிடுங்கள் என்று கேட்கிறது. ஆடம்ஸ் அதைத் தாக்கல் செய்து, ஏன் இதை ஏற்க முடியாது என்று விளக்கிப் பதில் எழுத ஒரு குழு போடுங்கள் என்றார். கென்டக்கியைச் சேர்ந்த தாமஸ் மார்ஷல், இது தேசத்துரோகத்துக்குச் சமம் என்று கண்டனத் தீர்மானம் கொண்டுவந்தார்.

எழுபத்து நான்கு வயது மனிதர் தனக்காகத் தானே வாதாட எழுந்தார். முதலில் சபைக் குமாஸ்தாவிடம், சுதந்திரப் பிரகடனத்தின் முதல் பத்தியைப் படியுங்கள் என்றார். படித்தார். மேலே படியுங்கள் என்றார். மக்களின் உரிமையை நசுக்கும் அரசாங்கத்தைத் தூக்கியெறிவது அவர்கள் உரிமை, அது அவர்கள் கடமை என்ற வரி வரைக்கும் படிக்க வைத்தார். அந்தப் பிரகடனத்தை எழுத அமைத்த ஐவர் குழுவில் இருந்தவரின் மகன் அவர். பிறகு, துரோகக் குற்றம் என்றால் அதை விசாரிக்க வேண்டியது நீதிமன்றம், எனக்கு எதிராக வாக்களிக்கப் போகும் அடிமை உடைமையாளர்கள் எப்படி நடுநிலையான நீதிபதிகள் ஆவார்கள் என்று ஆரம்பித்தார். ஆவணம் கேட்டார், அவகாசம் கேட்டார். இரவில் தியோடர் வெல்ட் என்ற அடிமை ஒழிப்புப் போராளி நூலகத்தில் குறிப்புகள் தேடித் தந்தார். பகலில் ஆடம்ஸ் அவற்றை வைத்து அடித்தார். இரண்டு வாரம் சபையில் வேறு வேலை ஓடவில்லை. கடைசியில், இன்னும் ஒரு வாரம் எனக்கு வேண்டியிருக்கும், இப்போதே கைவிடுவதென்றால் சம்மதம் என்றார். 106-க்கு 93 என்று கண்டனம் கைவிடப்பட்டது. உடனே மீதி மனுக்களைக் கையில் எடுத்துக்கொண்டார்.

வாய்ப்பூட்டு விதி வீழ்ந்தது 1844 டிசம்பர் 3 அன்று, 108-க்கு 80 வாக்குகளில். நீக்கத் தீர்மானத்தைக் கொண்டுவந்தவர் ஆடம்ஸ்தான். கடவுளின் நாமம் என்றென்றும் போற்றப்படுவதாக என்று அன்று நாட்குறிப்பில் எழுதினார்.

இந்தப் போராட்டத்துக்கு நடுவிலேயே இன்னொரு வேலையும் செய்தார். ஜேம்ஸ் ஸ்மித்சன் என்ற ஆங்கிலேய விஞ்ஞானி அறிவு வளர்ச்சிக்காக விட்டுச்சென்ற சுமார் ஐந்து லட்சம் டாலரை வேறு எதற்கும் கரைத்துவிடாமல் வருடக்கணக்காகக் காவல் காத்தார். 1846-இல் ஸ்மித்சோனியன் நிறுவனம் பிறந்தது அந்தப் பணத்தில்தான்.

1848 பிப்ரவரி 21 அன்று, மெக்சிகோ போர்த் தளபதிகளைப் பாராட்டும் தீர்மானத்துக்கு எதிராக வாக்களித்த சற்று நேரத்தில், தன் இருக்கையிலேயே சரிந்தார். இரண்டு நாள் கழித்து சபாநாயகர் அறையில் உயிர் பிரிந்தது. அப்போது அதே சபையில் இல்லினாய்ஸிலிருந்து வந்த ஒரு புது உறுப்பினர் இருந்தார். பெயர் ஆபிரகாம் லிங்கன். ஆடம்ஸ் தாக்கல் செய்த முதல் மனுக்கள் கேட்டது தலைநகரில் அடிமை முறையை ஒழிக்கத்தானே? அந்தச் சட்டத்தில் 1862 ஏப்ரல் 16 அன்று லிங்கன் கையெழுத்திட்டார்.

ஆடம்ஸ் பன்னிரண்டு வயதில் தொடங்கி சாகும் வரை எழுதிய நாட்குறிப்பு மொத்தம் 51 தொகுதிகள். மாசசூசெட்ஸ் வரலாற்றுச் சங்கம் அவர் கையெழுத்திலேயே பக்கம் பக்கமாக இணையத்தில் வைத்திருக்கிறது. நேரம் கிடைத்தால் 1842 ஜனவரி, பிப்ரவரிப் பக்கங்களைத் திறந்து பாருங்கள்.