சுடர் ஏன் இவ்வளவு மெல்லியது?

வணக்கம் நேயர்களே.

மீத்தேனையும் காற்றையும் சரியான அளவில் கலந்து ஒரு குடுவையில் மூடி வைத்தால், ஆண்டுக்கணக்கில் ஒன்றும் ஆகாது. ஒரு பொறி பட்டாலோ கண்ணிமைக்கும் நேரத்தில் கதை முடிந்துவிடும். எரிபொருளும் ஆக்சிஜனும் அதேதான். கூடுதலாக வந்தது சூடு மட்டும்.

மூலக்கூறுகள் வினைபுரிய ஒரு மேட்டைத் தாண்ட வேண்டும். அதன் உயரம்தான் கிளர்வு ஆற்றல். ஆனால் உயரத்தை மட்டும் சொன்னால் போதுமா? ஏறுகிறவருக்கு எவ்வளவு தெம்பு என்பதும் தெரிய வேண்டும். இரண்டையும் சேர்த்துப் பார்ப்பது செல்டோவிச் எண்.

வானொலியில் சமன்பாடு எழுத வழியில்லை, வாயால் சொல்கிறேன். கிளர்வு ஆற்றலை வாயு மாறிலி என்ற நிலையான எண்ணாலும் எரிந்த வாயுவின் வெப்பநிலையாலும் வகுங்கள். அப்புறம், எரிந்ததால் ஏறிய வெப்பநிலை இறுதி வெப்பநிலையில் எத்தனை பங்கோ அதனால் பெருக்குங்கள். அலகுகள் அடிபட்டு வெறும் எண் மிஞ்சும். கிளர்வு ஆற்றல் மோலுக்கு 40 கிலோகலோரி, வாயு 300 கெல்வினிலிருந்து 2200-க்கு ஏறுகிறது என்று வையுங்கள்: விடை சுமார் 8.

சரி, 8 வந்தால் என்ன? இந்தச் சுடரில் 220 கெல்வின், அதாவது பத்தில் ஒரு பங்கு சூடு குறைந்தால், வினையின் வேகம் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்காகச் சரிகிறது. 300 கெல்வினிலோ, ஒன்றுக்குப் பின் 25 சுழி போட்ட மடங்கு மந்தம்! அந்தக் குடுவை சும்மா கிடந்ததற்கு இதுதான் காரணம். மீத்தேன் சுடரின் தடிமனே ஒரு மில்லிமீட்டருக்குள் அடங்கும். அதிலும் பெரும்பகுதி சூடேறும் இடம். உண்மையில் எரிவது, சுடரின் தடிமனை இந்த எண்ணால் வகுத்தால் வரும் அளவுள்ள ஓர் ஓர இழைதான்.

சோவியத் விஞ்ஞானிகள் யாக்கோவ் செல்டோவிச்சும் ஃபிராங்க்-கமெனெத்ஸ்கியும் 1938-இல் சுடரின் வேகத்தைக் கணக்கிட்டது இந்த மெல்லிய இழையை நம்பித்தான். அப்போது செல்டோவிச்சுக்கு வயது 24. முறையான பல்கலைக்கழகப் பட்டம்கூடக் கிடையாது.

எண் பெரிதானால் சுடர் முரண்டு பிடிக்கும். ஹைட்ரஜன் குறைவான கலவையைப் பாருங்கள். வெப்பம் பரவுவதைவிட ஹைட்ரஜன் வேகமாகப் பரவும். சுடர் எங்கே லேசாகப் புடைக்கிறதோ அங்கே அது கூடுதலாக வந்து சேரும், சூடு சற்றே ஏறும். அந்தச் சிறு ஏற்றத்தை இந்த எண் பெருக்கிவிடும். புடைப்பு இன்னும் முன்னே ஓடும். வழவழப்பாக இருந்த சுடர் கொஞ்ச நேரத்தில் தேனடைபோல் அறை அறையாக உடைந்து நிற்கும்.